சிவா முடி எடுக்காத பதினாறு நாள்

பெப். 2. திங்கள்

காலையில் பனி. ஒன்பது மணிக்குத்தான் வெயில். கராம்பு இரண்டு சாக்கு வாசலில் காயப் போட்டேன். கோழிகளைக் கூட்டில் அடைத்தாயிற்று, நுவன் தம்பி சொன்னபடி. பேத்தி எடுக்கிற படத்துக்குச் சத்தம் பிடிக்கிறவர் அவர். சிங்களப் பிள்ளை, கண்டியிலிருந்து வருகிறார்.

"ஆச்சி, கோழி நல்ல பாட்டு. நம்ம படத்துக்கு வேணாம்" என்றார்.

கோழிக்கும் கோபம் போல. இன்றைக்கு முட்டை இல்லை.

பழைய கொப்பி முடிந்தது. இது புதுசு, மூன்றாவது. பேத்தி வாங்கிக் கொடுத்தது. முன்பக்கத்தில் இருந்து படத்து விஷயம், பின்பக்கத்தில் இருந்து என் சொந்த விஷயம் என்று பிரித்து எழுதச் சொன்னாள். எனக்கு அப்படிப் பிரிக்க வராது. எல்லாம் ஒன்றாகத்தான் போகும்.

ஆட்கள் பெயர் முதலில் எழுத வேண்டுமாம்.

தர்ஷினி (தர்ஷி) - என் மகள் வயிற்றுப் பேத்தி. கெமராவும் அவள், டிரெக்டரும் அவள். வேறு கம்பனி கிடையாது.
நுவன் - சத்தம்.
சிவலிங்கம் (சிவா) - அப்பா வேஷம். நடிகர் இல்லை. அலுவிகாரை ரோட்டில் வாசனைத் தோட்டத்தில் வெள்ளைக்காரர்களுக்குக் கறுவாப் பட்டை உரித்துக் காட்டுகிற வேலை. நமக்குக் கீழ் வீடு.
பொன்னம்மா, நான் - கன்டினியுட்டி.

கன்டினியுட்டி என்றால் இது. ஒரு காட்சியைப் பாதி இன்றைக்கு எடுத்து மீதியை அடுத்த கிழமை எடுத்தாலும் பார்க்கிறவனுக்கு ஒரே நேரம் போல இருக்க வேண்டும். சட்டை, கோப்பை, விளக்கு, மீசை எதுவும் மாறக்கூடாது. மாறாமல் பார்ப்பது என் பொறுப்பு. கொழும்பில் இதற்குப் படித்த பிள்ளைகள் இருக்கிறார்களாம். நான் ஐந்தாம் வகுப்பு. ஆனால் வாசனைச் சரக்கு ஸ்டோரில் இருபத்தாறு வருஷம் கராம்பையும் காம்பையும் பிரித்த கண்.

"அம்மாயி கண்ணுக்கு ஒண்ணும் தப்பாது" என்று நுவனிடம் தர்ஷி சொன்னதை நானே கேட்டேன். கேட்காத மாதிரி உள்ளே போய்விட்டேன்.

பெப். 3. செவ்வாய்

நல்ல வெயில். கா. 61. கடைசிக் காட்சி, என் குசினியில்.

படத்துக் கதை கொஞ்சம்தான். ஒரு அப்பா. கொழும்புக்குப் போன மகளுக்காகக் காத்திருக்கிறான். வருஷக் கணக்கில். கடைசியில் ஒரு நாள் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு இருக்கும்போது வாசலில் காலடிச் சத்தம். திரும்பிப் பார்க்கிறான், சிரிக்கிறான். படம் முடிகிறது. கேட்டால் கதையே இல்லை போல. எடுத்த வரைக்கும் இரண்டு தரம் போடச் சொல்லிப் பார்த்தேன்.

மகளாக நடிக்கிற அட்டன் பிள்ளையின் வேலை போன மாதமே முடிந்தது. இனி சிவாதான்.

தேத்தண்ணி ஊற்றுகிறது, சத்தம் கேட்டு நிற்கிறது வரை எடுத்தாயிற்று. திரும்புகிற நேரம் பார்த்து மேகம். ஜன்னல் வெளிச்சம் போய்விட்டது. தர்ஷி லைட் போட மாட்டாள். ஜன்னல் வெளிச்சம்தான் வேண்டும் அவளுக்கு. மீதி அடுத்த சனிக்கிழமைக்கு, 14ஆம் திகதி. அதற்கு முன்னால் அவளுக்குக் கலேவெலயில் கலியாணப் படம் எடுக்கிற வேலை, சிவாவுக்கும் லீவு இல்லை.

கன்டி.:
நீலக் கோடு போட்ட சட்டை, இரண்டாவது பொத்தான் இல்லை. கை மடிப்பு, வலது இரண்டு, இடது ஒன்றரை.
சாரம் பச்சை.
கோப்பை, காது உடைந்தது. முக்கால் தேத்தண்ணி.
அடுப்பில் இரண்டு விறகு. கேத்தல் மூக்கு ஜன்னல் பக்கம்.
முடி, காதுக்கு மேல் ஒரு விரல். மீசை, உதட்டை மூடி. தாடி நாலு நாள்.

சிவா போகும்போது, "சின்னம்மா, என் மீசைய எழுதிட்டீங்களா? வீட்டுல ஒருத்தி ஒரு நாளும் பாத்ததில்ல" என்றான். என்ன சிரிப்பு எல்லாருக்கும்.

பெப். 4. புதன்

சுதந்திர தினம். ரோட்டில் பள்ளிக்கூடப் பேண்ட் சத்தம். தர்ஷி கலேவெலவுக்குப் புறப்பட்டாள். கெமராப் பை ஒரு தோளில், லைட் கால் ஒரு தோளில். பஸ் ஏற்றிவிடப் போனேன். முன் சீட்டுக்காரி ஒருத்தி என்னிடம்:

"பொம்பளப் புள்ளைக்கு எதுக்குங்க இந்தப் பாரம்?"

"அது அவ தொழில்" என்றேன். இன்னும் நிறையச் சொல்ல இருந்தது. பஸ் எடுத்துவிட்டான். இங்கே எழுதுகிறேன்.

தர்ஷி செய்தது, எனக்குத் தெரிந்த மட்டும்:
1. மாத்தளை டவுனில் ஸ்டூடியோ. பாஸ்போர்ட் போட்டோ. ஒரு வருஷம்.
2. கலியாணம், சாமத்தியம். எண்ணிக்கை இல்லை.
3. கொழும்பில் டெலி நாடகம். கெமரா உதவி என்று பெயர். கெமராவைத் தொட விடவில்லை, வயர் சுருட்ட விட்டார்கள். ஆறு மாதம்.
4. ஆற்று மணல் அள்ளுகிறவர்கள் பற்றிச் சின்னப் படம். பதினொரு நிமிஷம். வெளிநாட்டில் காட்டினார்கள். பரிசு கண்ணாடிக்கட்டி போல ஒன்று, அலமாரியில். நான் துடைக்கிறேன்.
5. இது. மூன்று வருஷமாக.

வெளிநாட்டு விழா ஒன்றில் இதைப் பாதி பார்த்துவிட்டு, முடித்து அனுப்பு என்று எழுதியிருக்கிறார்கள். 28ஆம் திகதிக்குள். அப்படி எல்லாருக்கும் எழுத மாட்டார்களாம்.

"இது போச்சுன்னா துபாய்ல கலியாணக் கம்பனி ஒண்ணு கூப்புடுது அம்மாயி. போயிடுவேன்" என்று சிரித்துக்கொண்டு சொன்னாள். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை.

பெப். 5. வியாழன்

பாக்கியம் போய்விட்டாள். சிவாவின் அம்மா. காலை ஆறரை. தேத்தண்ணிக் கோப்பை கையில் இருக்கும்போதே சாய்ந்தாளாம். என்னைவிட இரண்டு வயது மூப்பு. ஸ்டோரில் எனக்குப் பக்கத்து இடம். அவள் போயிலை, என் சீவல். மத்தியானச் சோற்றை மாற்றிச் சாப்பிடுவோம்.

முகம் கழுவி, பொட்டு வைத்து, வாய்க்கரிசிக்கு எல்லாம் நான்தான் பார்த்தேன்.

அழுதுகொண்டு இருக்கும்போதே அந்த நினைப்பு வந்தது. எப்படி வந்தது என்று தெரியவில்லை. வந்தது. தாய்க்குக் கொள்ளி வைக்கிறது கடைசி மகன். கடைசி மகன் சிவா. வைக்கிறவன் தலையும் மீசையும் எடுக்க வேண்டும்.

வீட்டுக்கு வந்து தர்ஷிக்குப் போன் போட்டேன். கேட்டதும் அழுதாள். பின்னால் கலியாண வீட்டு மேளச் சத்தம். நான் கேட்டேன்:

"அப்ப முடி?"

மேளச் சத்தம் தூரமானது, வெளியே வந்துவிட்டாள் போல.

"விடுங்க அம்மாயி. அவரு அம்மா."

"இருபத்தெட்டுக்கு அனுப்பணுமே."

"அனுப்ப மாட்டேன். அவ்வளவுதான். முடி வளர மூணு மாசம் ஆகும், அதுக்கு யாரு என்ன செய்ய முடியும். நீங்க ஒண்ணும் பேசிராதீங்க. கேட்டுச்சா? பேசிராதீங்க."

இரண்டு தரம் சொன்னாள்.

பெப். 6. வெள்ளி

பேசினேன்.

காலையில் பைப்படியில் சிவா தனியாக வாளிக்குத் தண்ணீர் பிடித்துக்கொண்டு இருந்தான். கண் இரண்டும் வீங்கி. நான் போய் நின்றேன்.

"சிவா, ஒண்ணு கேக்கவா."

"கேளுங்க சின்னம்மா."

"முடி... பதினாறாம் நாள் எடுத்தாலும் ஆகும்ல. சில பேரு அப்படித்தானே செய்றாங்க."

முதலில் விளங்கவில்லை அவனுக்கு. பிறகு விளங்கியது. வாளி நிறைந்து வழிகிறது, பைப்பை மூடவில்லை.

"தர்ஷி பாப்பா சொல்லுச்சா?"

"இல்ல. அதுக்குத் தெரியாது. நாந்தான்."

"அம்மா இருந்தா என்ன சொல்லும் சின்னம்மா?"

நான் யோசிக்கவே இல்லை. "புள்ள படம் முடியட்டும்னுதான் சொல்லுவா" என்றேன்.

"சரி" என்றான். பைப்பை மூடினான்.

மூன்று மணிக்குப் பாக்கியத்தை எடுத்தார்கள். பெண்கள் ரோட்டு வளைவு வரைக்கும்தான். திரும்பி வந்து வீடு கழுவினோம்.

ஐந்தரைக்கு நுவன் தம்பி வந்தார், சுடலைக்குப் போய்விட்டு. கை கால் கழுவத் தண்ணீர் கொடுத்தேன்.

"ஆச்சி, சிவா ஐயா ஏன் பின்னுக்கு நின்னது? நெருப்பு வைச்சது பெரிய மகன். சிவா ஐயா குடை பிடிச்சுப் பின்னுக்கு."

பிறகுதான் மற்ற ஆட்களிடம் கேட்டுத் தெரிந்துகொண்டேன். முடி எடுக்காமல் கொள்ளிச் சட்டியைத் தொடக்கூடாது என்று பெரியவர்கள் சொல்லிவிட்டார்கள். "பதினாறுக்கு எடுக்கிறேன்" என்றானாம். "அப்ப பதினாறுக்கு வந்து கொள்ளி வை" என்று ஒருத்தர். அண்ணன்காரன் ராஜு ஒரு வார்த்தையும் பேசாமல் உட்கார்ந்து தலையைக் கொடுத்தானாம்.

நான் நினைத்தது முடி மட்டும்தான். கொள்ளி கைவிட்டுப் போகும் என்று நினைக்கவில்லை. எழுபத்திரண்டு வயதில் அது தெரிந்திருக்க வேண்டும். தெரியும். நினைக்கவில்லை.

பெப். 7. சனி

மப்பு. தர்ஷி பத்து மணிக்கு வந்தாள். பையைக் கூட இறக்காமல் கீழ் வீட்டுக்குப் போனாள். நான் ஜன்னலால் பார்த்தேன். சிவா வெளியே வந்தான். முடியோடு அவனைப் பார்த்ததும் அப்படியே நின்றுவிட்டாள். ஈரப்பலா மரத்தடியில் இரண்டு பேரும் கனநேரம் பேசினார்கள். கேட்கவில்லை.

வந்து சொன்னாள், "பதினாறுக்குத்தான் எடுக்கிறாராம். பதினாலாந்தேதி வந்து நடிக்கிறேங்கிறாரு. வரச் சொல்லிட்டேன்."

"ஆ" என்றேன்.

கெமராப் பையைத் திறந்து லென்சைத் துடைக்க ஆரம்பித்தாள். துடைத்ததையே துடைத்தாள். எனக்குப் பாரம் இறங்கின மாதிரி இருந்தது. அதையும் எழுதுகிறேன், பொய் எழுதி என்ன.

பெப். 9. திங்கள்

கடையில் பாண் வாங்க நின்றேன். இரண்டு பேர், நான் நிற்பது தெரியாமல்.

"நடிக்கிறாராம்ல. தாய்க்கு மொட்ட போட நேரமில்ல ஸ்டாருக்கு."

"வெள்ளக்காரனுக்குப் பட்ட உரிச்சு உரிச்சு அவனும் வெள்ளக்காரனாயிட்டான்."

சீனி வாங்க மறந்துவிட்டேன். திரும்பப் போகவில்லை.

பிரஷர் மாத்திரை முடியப் போகிறது. வியாழன் கிளினிக்.

பெப். 12. வியாழன்

எட்டாம் நாள். படையல். கருவாடு, முருங்கைக்காய், பாக்கியத்துக்குப் பிடித்த மாசிச் சம்பல். கிளினிக் போகவில்லை. ராஜு சிவாவோடு பேசுவதில்லை. சிவா தண்ணீர் ஊற்ற வந்தால் தம்ளரைக் கையால் மூடுகிறான். ராஜு மனைவி என்னைப் பார்த்து, "நீங்களாச்சும் புத்தி சொல்லியிருக்கலாமே சித்தி. உங்க பேச்ச அவரு தட்ட மாட்டாரே" என்றாள்.

இலையை மடித்துவிட்டு எழுந்தேன்.

சிவா யாரிடமும் சொல்லவில்லை, நான் கேட்டேன் என்று. ஒரு வார்த்தை சொன்னால் போதும், அவனுக்குப் பாதி ஏச்சு குறையும். சொல்லவில்லை. நானும் சொல்லவில்லை. நாளைக்கு, நாளைக்கு என்று வாய் வரைக்கும் வருகிறது. 14 முடியட்டும் என்று இருக்கிறேன்.

பெப். 14. சனி

வெயில். மேகம் ஒரு துண்டு இல்லை. கோழி அடைத்தாயிற்று. கா. 61, மீதி.

கன்டி. பார்த்தது: சட்டை சரி, கை மடிப்பு சரி. கோப்பை சரி. விறகு, கேத்தல் சரி. முடி ஒரு விரலுக்குக் கொஞ்சம் கூட, கத்தரியால் சரி பண்ணினேன். தாடியை நாலு நாள் அளவுக்கு மெஷினால் எடுத்தோம். மீசை சரி. எல்லாம் சரி. கொப்பியை இரண்டு தரம் பார்த்து, "எல்லாம் சரி" என்று தர்ஷிக்குச் சொன்னேன்.

அவன் செய்ய வேண்டியது ஒன்றுதான். திரும்பி, வாசலைப் பார்த்து, சிரிக்க வேண்டும்.

திரும்பினான். சிரித்தான். தர்ஷி கண்ணைக் கெமராவில் இருந்து எடுக்காமல், "இன்னொண்ணு மாமா" என்றாள்.

இன்னொன்று. இன்னொன்று.

"வேகமா திரும்ப வேணாம். சத்தம் கேட்டுச்சா இல்லையான்னு சந்தேகமா."

"சரி பாப்பா."

ஆறாவது தரத்துக்குப் பிறகு தேத்தண்ணி. யாரும் பகிடி பேசவில்லை.

"ஒண்ணும் நெனைக்காதீங்க மாமா. கதவ மட்டும் பாருங்க."

"கதவத்தான் பாக்குறேன் பாப்பா. வேற எங்க பாக்குறது."

நுவன் தம்பி காதில் போட்டிருந்ததைக் கழற்றிவிட்டு வெளியே போய் நின்றார்.

பதினான்கு தரம். நாலு மணிக்கு வெளிச்சம் போய்விட்டது. சிவா சட்டையை மடித்து என்னிடம் கொடுத்தான். "சரியா வரலயா சின்னம்மா? சொன்னதத்தானே செஞ்சேன்" என்றான். நல்லா வந்துச்சு என்றேன்.

பெப். 15. ஞாயிறு

மழை, காலையிலிருந்து. தர்ஷி கம்ப்யூட்டரில் இரண்டையும் பக்கத்துப் பக்கத்தில் வைத்து என்னைக் கூப்பிட்டுக் காட்டினாள். இடது பக்கம் 3ஆம் திகதி. வலது பக்கம் நேற்று.

"பாருங்க அம்மாயி. என்ன வித்தியாசம்?"

பார்த்தேன். ஒரு வித்தியாசமும் இல்லை. பொத்தான் வரைக்கும் பார்த்தேன். நான் எழுதினது ஒன்று பிசகவில்லை. ஆனால் இடது பக்கத்தில் இருக்கிறவன் வேறு ஆள். அவனுக்கு அம்மா இருக்கிறாள். வலது பக்கத்தில் இருக்கிறவன் எங்கே பார்த்தாலும் யாரும் வரப் போவதில்லை என்று தெரிந்தவன். அவன் சிரிக்கிறான். பார்க்க முடியவில்லை.

"முடி சரிதான்" என்று சொன்னேன்.

"ஆமா. முடி சரிதான்" என்றாள்.

பெப். 17. செவ்வாய்

தர்ஷி இரண்டு நாளாக வெட்டி ஒட்டிப் பார்க்கிறாள். முதுகை மட்டும் வைத்துப் பார்த்தாள். கையை மட்டும் வைத்துப் பார்த்தாள்.

"கை கூட வேற கையா இருக்கு. எனக்கு மட்டுந்தான் தெரியுதா நுவன்?"

நுவன் தம்பி சிங்களத்தில் பதில் சொன்னார். அவருக்கும் தெரிகிறதாம். வேறு ஆளை வைத்து எடுக்கலாம் என்று நான் சொன்னேன். இரண்டு பேரும் என்னைப் பார்த்தார்கள். மூன்று வருஷமாக எடுத்த முகம். வேறு ஆளாம்.

சமைத்து வைத்தது அப்படியே இருக்கிறது. என்னால் முடிந்தது சமையல்தான், அதுவும் இப்படி.

பெப். 18. புதன்

துபாய்க் கம்பனியோடு போனில் பேசினாள். ஆங்கிலத்தில். எனக்கு விளங்கினது "மார்ச்" மட்டும். வெளிநாட்டு விழாக்காரருக்கும் எழுதிவிட்டாளாம், இந்த வருஷம் முடியாது என்று. அடுத்த வருஷம் கேட்பார்களா என்று கேட்டேன்.

"அடுத்த வருஷம் அவங்களுக்கு வேற ஆளு இருப்பாங்க அம்மாயி."

பாஸ்போர்ட் தேடினாள். அலமாரியில் இருந்தது. எடுத்துக் கொடுத்தது நான்தான்.

பெப். 20. வெள்ளி

பதினாறு. கருமாதி. ஆற்றங்கரைக்கு ஆண்கள் விடியவே போய்விட்டார்கள். ஒன்பதரைக்கு வந்தார்கள். சிவா மொட்டை. மீசை இல்லாமல் சின்ன வயதில் பார்த்தது போல. பாக்கியத்தின் வாய் அவனுக்கு. இத்தனை நாள் மீசை மறைத்து இருந்திருக்கிறது.

ராஜு தலையில் முடி முளைத்துவிட்டது. அண்ணன் தம்பி பக்கத்தில் நின்றால் யாருக்கும் தெரியும், ஒரே நாளில் எடுத்தது இல்லை என்று. அவர்கள் பக்கத்தில் நிற்கவில்லை. ராஜு முதல் பந்தி, சிவா கடைசிப் பந்தி.

சாப்பாடு முடிந்து சிவா தர்ஷியிடம் வந்தான்.

"மொட்டையோட ஏதாச்சும் எடுக்கிறதுன்னா எடு பாப்பா. கதைய மாத்தி. இப்ப யாரும் ஒண்ணும் சொல்ல முடியாது."

"வேணாம் மாமா" என்றாள். "போதும்."

"படம் முடிஞ்சுச்சா அப்ப?"

"முடிஞ்சுச்சு மாமா."

அவன் நம்பினானா தெரியவில்லை. தலையைத் தடவிக்கொண்டு போனான்.

பின்னேரம் ஐந்து மணி. வீட்டில் நானும் அவளும். கெமராவைத் துணி சுற்றிப் பெட்டியில் வைத்துக்கொண்டு இருந்தாள். இதற்கு மேல் என்னால் முடியவில்லை. நின்றபடியே சொன்னேன்.

"சிவாகிட்ட முடி எடுக்க வேணாம்னு கேட்டது நாந்தான்."

அவள் நிமிரவில்லை.

"தெரியும்."

"தெரியுமா?"

"நான் வந்த அன்னிக்கே மாமா சொல்லிட்டாரு. மரத்தடியில."

"நீ ஒண்ணும் கேக்கலயே என்னை."

"கேட்டிருந்தா எடுக்க முடியாம போயிருக்கும்ல அம்மாயி. அவரு கொள்ளி வைக்கலன்னு தெரியும். எதுக்குன்னும் தெரியும். தெரிஞ்சுதான் பதினாலாந்தேதி கெமராவ வச்சேன். பதினாலு தரம் சிரிங்க மாமா, சிரிங்க மாமான்னு."

நான் கதிரையில் உட்கார்ந்தேன். ஏதாவது சொல்ல வேண்டும். நீ சின்னப் பிள்ளை, தப்பு என்னுடையது என்று சொல்ல வேண்டும். சொன்னேனா, நினைத்தேனா என்று இப்போது ஞாபகம் இல்லை.

பெட்டியை மூடிவிட்டுக் கேட்டாள்.

"பாக்கியம் ஆச்சியே 'புள்ள படம் முடியட்டும்'னுதான் சொல்லியிருப்பாங்கன்னு சொன்னீங்களாமே. அதக் கேட்டுத்தான் மாமாவுக்கு மனசு ஆறுச்சாம். யாரு என்ன பேசினாலும் அத நெனச்சுக்குவாராம். ஆச்சி அப்படிச் சொல்லியிருப்பாங்களா அம்மாயி?"

ஸ்டோரில் பக்கத்துப் பக்கத்தில் இருபத்தாறு வருஷம். என் கடைசியவன் கையால் போக வேண்டும், வேறு ஒன்றும் வேண்டாம் என்று எத்தனை தரம் சொல்லியிருப்பாள்.

"இல்ல" என்றேன். "சொல்லியிருக்க மாட்டா."

தர்ஷி கதவைப் போய்ச் சாத்திவிட்டு வந்தாள்.

"அத மாமாகிட்ட சொல்லிராதீங்க" என்றாள்.